மூன்றாவது டேக்

முப்பது வருடமாக அடுத்தவர் அழுவதைப் படம் பிடித்துத்தான் சோறு தின்கிறேன். இப்படிச் சொன்னால் என் கேமராமேனுக்குப் பிடிக்காது. "ஏங்கா உங்கள நீங்களே இப்படி மட்டமாப் பேசிக்கிறீங்க" என்பான். வேறெப்படிச் சொல்வது? பர்மாவிலிருந்து நடந்து வந்தவர்கள், இலங்கையிலிருந்து படகேறியவர்கள், சைகோனிலிருந்து ஒற்றைப் பெட்டியோடு வந்து இறங்கியவர்கள் என்று, ஊரைவிட்டுத் துரத்தப்பட்டவர் யாராக இருந்தாலும் ஒருநாள் அவர் வீட்டு வாசலில் நான் ட்ரைபாடோடு போய் நின்றிருக்கிறேன். அவர்களும் பாவம், உள்ளே கூப்பிட்டு டீ கொடுத்து, யாரிடமும் சொல்லாததையெல்லாம் என்னிடம் சொன்னார்கள்.

யூனிட்டில் எனக்கு 'ஒன்மோர் அக்கா' என்று பட்டப்பெயர். யூனிட் என்றதும் பெரிதாக நினைத்துவிடாதீர்கள். கல்யாண வீடியோ எடுத்துப் பிழைக்கும் அந்தக் கேமராமேன், நான், கையில் காசு இருந்தால் சவுண்டுக்கு ஒரு ஆள். அந்த ஆள் இல்லாத நாளில் ஹெட்போனை நானே மாட்டிக்கொள்வேன். யாராவது பேசிக்கொண்டிருக்கும்போது லாரிக்காரன் ஹாரன் அடித்தாலோ, குக்கர் விசில் போட்டாலோ என் கை தானாக மேலே போய்விடும். கட். மறுபடி முதலிலிருந்து. இதற்கு ஒரு தத்துவம் வேறு வைத்திருந்தேன்: முதல் தடவை மனிதர்கள் தகவல்தான் சொல்கிறார்கள், இரண்டாம் தடவைதான் நினைவுகூர்கிறார்கள். விழா மேடைகளில் இதைச் சொல்லிக் கைதட்டல் வாங்கியிருக்கிறேன்.

நடுக்கடலில் படகு கவிழ்ந்து கைக்குழந்தையைப் பறிகொடுத்த ஒரு பெண்ணை, அகதி முகாமில் வைத்து மூன்று தடவை சொல்ல வைத்தேன். முதல் தடவை தண்ணீர் லாரி வந்தது. இரண்டாம் தடவை பக்கத்து வீட்டு டிவி. மூன்றாம் தடவை எல்லாம் அமைந்தது. முடிந்ததும் அவர் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "இப்ப சரியா வந்ததோ, பிள்ளை?" என்று கேட்டார். அந்தப் படத்துக்குத்தான் எனக்கு முதல் விருது கிடைத்தது. அந்தக் கேள்வியை நான் படத்தில் வைக்கவில்லை.

என் சொந்தக் கதையை மட்டும் எடுத்ததில்லை. எடுக்க எனக்கு ஒன்றும் ஞாபகமில்லை. சைகோனை விட்டு வரும்போது எனக்கு நான்கு வயது. அப்பா அங்கே ஒரு வெளிநாட்டு அலுவலகத்தில் காவலாளி. ஆட்சி மாறிய பிறகு விசாரணை என்று கூட்டிப்போனார்கள், திரும்பி வரவில்லை. அம்மா என்னையும் ஒன்பது வயது அண்ணனையும் அழைத்துக்கொண்டு விமான நிலையத்துக்குப் போனாள். புதுச்சேரி வந்து சேர்ந்தபோது அவளோடு நான் மட்டும்தான் இருந்தேன்.

பையன் எங்கே என்று கேட்டவர்களுக்கெல்லாம் அம்மா ஒரே பதிலைத்தான் சொன்னாள். "கூட்டத்துல கை நழுவிடுச்சி." அவளுடைய அண்ணன் தம்பிகளுக்கும் அதே பதில், நெல்லித்தோப்பில் எங்கள் தெருவில் துக்கம் விசாரிக்க வந்தவர்களுக்கும் அதே பதில். பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டு பென்ஷன் வாங்கிக்கொண்டிருந்த சொல்தா ஒருவர் தெருமுனையில் இருந்தார். அவரைப் பிடித்து பிரெஞ்சில் மனு மேல் மனுவாக எழுதி அனுப்பினாள். ஒன்றுக்கும் பதில் இல்லை. வீட்டில் அவன் படம் ஒன்றுகூட இல்லை, கொண்டுவர விடவில்லையாம். சுவரில் மாட்டவோ மாலை போடவோ எதுவும் இல்லாத துக்கம் அது. அப்பா போனதற்கும் தகவல் இல்லாததால் அம்மா பொட்டையும் அழிக்கவில்லை.

இருபது வருடமாகக் கேட்டுக்கொண்டிருந்தேன். கேமரா முன்னால் சொல்லும்மா என்றால் சீறுவாள். "ஊரான் வூட்டு எழவெல்லாம் எடுக்கிறியே, பத்தலையா ஒனக்கு? என்னையும் வெள்ளித்திரையில ஏத்தணுமா?" நானும் விட்டுவிடுவேன். ஆனால் என்னுடைய எல்லாப் படங்களும் அந்த ஒரு கேள்வியைச் சுற்றித்தான் அலைந்துகொண்டிருந்தன என்பது எனக்குத் தெரியும். அடுத்தவர் அம்மாக்களைக் கேட்டுக் கேட்டு என் அம்மாவை அழுத்திக் கேட்காமல் காலம் தள்ளினேன்.

போன வருடம் ஒருநாள் காலையில் நெத்திலி ஆய்ந்துகொண்டிருந்தவள் தலையைத் தூக்காமலே சொன்னாள். "கேமராக்காரன வரச்சொல்லு. சொல்லிடறேன். வயித்துக்குள்ளயே வச்சிக்கினு போவ முடியாது."

அவள் மனசு மாறுவதற்குள் அவனைக் கூப்பிட்டேன். எங்கேயோ வளைகாப்பு வீடியோவை எடிட் பண்ணிக்கொண்டிருந்தவன் அப்படியே போட்டுவிட்டு வந்தான். முன்னறையில் ஜன்னலோரமாக நாற்காலியைப் போட்டு, மின்விசிறியை நிறுத்தி, அம்மாவின் சேலை மடிப்பில் மைக்கைச் செருகினோம். நான் ஹெட்போனை மாட்டிக்கொண்டேன்.

"ஏர்போர்ட்டுல கூட்டமே இல்லடி" என்றுதான் ஆரம்பித்தாள். "நான்தான் அவன ஒரு பெஞ்சில உக்கார வச்சேன். சட்ட பட்டன் ஒண்ணு தொறந்து கெடந்துச்சி, அதப் போட்டுவுட்டேன். போட்டுட்டு அவங்கிட்ட..."

அந்த நொடியில் பக்கத்து மனையில் போர்வெல் வண்டி ஓட ஆரம்பித்தது. ஹெட்போனுக்குள் காது கிழிந்துவிடும் போலிருந்தது. சவுண்டு மீட்டர் சிவப்பில் போய் ஒட்டிக்கொண்டது. என் கை மேலே போனது.

"கட்."

கேமராமேன் கண்ணை எடுக்காமலே கெஞ்சினான். "அக்கா, ஓடட்டும்க்கா. கட் பண்ணாதீங்க."

"ஒண்ணுத்துக்கும் ஆவாதுடா இந்த சவுண்டு. ஒன்மோர் போயிக்கலாம்."

அம்மாவின் வாய் திறந்தபடி இருந்தது. பிறகு மூடிக்கொண்டது. "என்னாச்சி?" என்றாள்.

"வெளில சத்தம்மா. அவங்க நிறுத்தட்டும். மொதல்லேர்ந்து சொல்லிக்கலாம்."

"மொதல்லேர்ந்தா?" என்றாள். மைக்கைக் கழற்றிக் கொடுத்துவிட்டு, பாதியில் விட்டிருந்த நெத்திலியை ஆயப் போய்விட்டாள்.

அவள் சொன்னதை நான் கேட்கவே இல்லை. இதை எழுதும்போதும் என் கன்னத்தில் நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது. ஐம்பது வருடமாகக் கூட்டம் கூட்டம் என்று சொன்னவள் கூட்டமே இல்லை என்கிறாள். அந்த ஒரு வரிக்கு நான் ஹெட்போனைப் பிடுங்கி எறிந்துவிட்டு அவள் காலடியில் போய் உட்கார்ந்திருக்க வேண்டும். எனக்குச் சத்தம் மட்டும்தான் கேட்டது. தொழில் அப்படிப் பழக்கி வைத்திருந்தது.

போர்வெல்காரன் சாயங்காலம் நான்கு மணிக்குத்தான் நிறுத்தினான். அதற்குள் அம்மா சாப்பிட்டாள், ஒரு தூக்கம் போட்டாள், முகம் கழுவி பவுடர் பூசி வேறு சேலை கட்டிக்கொண்டு வந்து உட்கார்ந்தாள். இரண்டாவது டேக்கில் பழைய பாட்டையே பாடினாள். கூட்டம், தள்ளுமுள்ளு, கை நழுவிவிட்டது. தெருவில் யாரோ கேட்டதற்குச் சொல்வது போல ஒப்பித்துவிட்டு முடித்துக்கொண்டாள். எனக்குத் திருப்தி இல்லை. "கொஞ்சம் மெதுவாம்மா. அவன் மொகத்த நெனச்சிக்கினு சொல்லு" என்றேன்.

மூன்றாவது டேக்கில் ஒரு துப்பாக்கிக்காரன் வந்தான். பையனை அவள் கையிலிருந்து பிடுங்கினான். அவள் அவன் காலில் விழுந்தாளாம். சொல்லும்போது சரியான இடத்தில் குரல் உடைந்தது, சரியான இடத்தில் கண்ணீர் வந்தது. ஜன்னல் வழியாக வந்த மஞ்சள் வெயில் அவள் பாதி முகத்தில் விழுந்திருந்தது. நான் கேமராமேனின் தோளை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். சந்தோஷத்தில் பிடித்தேன். மறைத்து என்ன ஆகப்போகிறது?

ட்ரைபாடை மடக்கும்போது அவன் கேட்டான். "காலைல கூட்டமே இல்லன்னாங்களேக்கா?"

"வயசாயிடுச்சிடா. முன்னப்பின்னதான் வரும். எடிட்ல பாத்துக்கலாம்."

அன்று இரவாவது அவளிடம் தனியாகக் கேட்டிருக்கலாம். ஒரு விழாவுக்குக் கிளம்ப வேண்டியிருந்தது, பிறகு வேறு ஒரு ஷூட்டிங், தேங்காய்த்திட்டில். அம்மா எங்கே போய்விடப் போகிறாள் என்ற நினைப்பு. இரண்டு மாதம் கழித்து அவள் குளியலறையில் விழுந்தாள். வலது பக்கம் போய்விட்டது, பேச்சும் போய்விட்டது. எல்லாம் புரியும், சொல்லத்தான் வராது என்றார் டாக்டர். ஆமாம், இல்லை இரண்டுக்கும் ஒரே மாதிரிதான் தலையை ஆட்டினாள். "கூட்டம் இருந்துச்சாம்மா?" என்றால் ஆட்டுவாள். "கூட்டம் இல்லயாம்மா?" என்றாலும் அதே ஆட்டல். பகலில் பார்த்துக்கொள்ள தேங்காய்த்திட்டிலிருந்து வரும் ஒரு பெண்ணை அமர்த்தினேன். நான் இப்படித் துருவித் துருவிக் கேட்பதைப் பார்த்துவிட்டு அவள், "வுடுக்கா, ஆயாவுக்கு வேர்க்குது பாரு" என்று என்னை அறையை விட்டு அனுப்பினாள்.

அந்த நிலைமையில்தான் சைகோனிலிருந்து மெயில் வந்தது. எப்போதோ ஒரு திரையிடலுக்குப் பிறகு, எனக்கு ஒரு அண்ணன் அங்கே தொலைந்துபோனான் என்று நான் பேசியதை யாரோ இணையத்தில் எழுதியிருந்தார்கள். அதைப் படித்துவிட்டு ஒரு பெண் ஆங்கிலத்தில் எழுதியிருந்தாள். அவளுடைய அப்பாவை ஒன்பது வயதில் விமான நிலையத்தில் விட்டுவிட்டுப் போனது புதுச்சேரித் தமிழ் அம்மா. கூடவே ஒரு சின்னத் தங்கை. அவருடைய அப்பா காவலாளி. ரொட்டிக் கடை வைத்திருந்த பக்கத்து வீட்டுப் பெண்மணிதான் அவரை எடுத்து வளர்த்தாராம். அப்பாவுக்குத் தமிழ் மறந்துவிட்டது, அம்மாவின் முகமும் மறந்துவிட்டது என்று எழுதியிருந்தாள். "இதற்கு முன் இரண்டு குடும்பங்களை நம்பி ஏமாந்திருக்கிறோம். அதில் ஒருவர் எங்களை வைத்து டிவி நிகழ்ச்சி எடுக்க வந்தவர். அப்பாவுக்கு வேறு எதுவும் வேண்டாம். அன்று நடந்ததை உங்கள் அம்மா தன் வாயால் சொல்லட்டும், அவர் கேட்கட்டும்."

பத்து தடவை படித்தேன். பத்து தடவையும் அழுதேன். அது ஒரு பிள்ளையின் ஏக்கம் என்று மட்டும்தான் எனக்குப் பட்டது. அது ஒரு பரீட்சை என்று உறைக்கவே இல்லை.

நேராக அம்மாவிடம் ஓடினேன். "அம்மா, அண்ணன் கெடச்சிட்டாம்மா. உயிரோட இருக்கான். ஒங்கூட போன்ல பேசப்போறான்." பார்த்துக்கொள்ளும் பெண் என் முழங்கையைப் பிடித்து இழுத்தாள். "அக்கா, மொதல்ல உறுதியாவட்டும். அப்புறம் சொல்லலாமில்ல?" அதற்குள் அம்மாவின் இடது கண்ணிலிருந்து தண்ணீர் வழிய ஆரம்பித்துவிட்டது. தொண்டைக்குள்ளிருந்து ஒரு சத்தம் வந்தது. அப்படி ஒரு சத்தத்தை நான் எந்தப் படத்திலும் பதிவு செய்ததில்லை.

தட்டாஞ்சாவடியில் ஒரு லேத் பட்டறைக்கு மேலே என் எடிட்டிங் அறை இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை பட்டறை ஓடாது, அன்றுதான் ஒலியைச் சரிபார்க்க முடியும். நானும் கேமராமேனும் மூன்று டேக்கையும் வரிசையாகப் போட்டுப் பார்த்தோம்.

"மொத டேக்க அனுப்புங்கக்கா" என்றான் அவன்.

"அது பாதில நிக்குதுடா. முடிவே இல்லாத ஷாட்ட எப்படி அனுப்பறது?"

"இருக்கறத அப்படியே அனுப்புங்க. மீதிய ஏன் அனுப்பலன்னு எழுதிடுங்க. அம்மாவுக்கு ஒடம்பு முடியலன்னும் எழுதுங்க."

நான் கேட்கவில்லை. நறுக்காமல் நான் யாருக்கும் எதையும் காட்டியதில்லை என்ற திமிர் ஒரு பக்கம். ஐம்பது வருடம் கழித்து ஒரு மனிதன் தன் அம்மாவின் குரலைக் கேட்கப் போகிறான், அது பட்டனைப் போட்டுவிட்டதோடு போர்வெல் சத்தத்தில் அறுந்துபோனால் அவன் எப்படித் தாங்குவான் என்ற இரக்கம் இன்னொரு பக்கம். ஆனால் அடியில் கிடந்தது பயம். பெஞ்சில் உட்கார வைத்துவிட்டு அம்மா எழுந்து வந்தாள் என்றால், என்னைத் தூக்கிக்கொண்டுதானே வந்திருப்பாள்? மூன்றாவது டேக்கில் துப்பாக்கிக்காரனைத் தவிர யார் மேலும் குற்றமில்லை. அம்மா மேல் இல்லை, இடுப்பில் உட்கார்ந்திருந்த நான்கு வயதுப் பெண் மேலும் இல்லை. அந்த டேக் எனக்குத் தேவைப்பட்டது.

நிறத்தைச் சரிசெய்தேன். பின்னணி இரைச்சலைத் துடைத்தேன். ஆங்கிலத்தில் சப்டைட்டில் போட்டேன், ஒவ்வொரு வரியையும் நாலு முறை திருத்தி. அம்மாவின் உடல்நிலையைப் பற்றி எழுதினால் பயந்துவிடுவார்கள், பேசும்போது சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டேன். அனுப்பினேன்.

நாலு நாள் பதில் இல்லை. ஐந்தாம் நாள் நான் எடிட்டிங் அறையில் இருந்தபோது வந்தது. மரியாதையான கடிதம்.

அப்பா வீடியோவை மூன்று முறை பார்த்தார், நன்றி சொல்லச் சொன்னார் என்று அந்தப் பெண் எழுதியிருந்தாள். ஆனால் அந்த அம்மா தன்னுடைய அம்மா இல்லை என்கிறாராம். அன்று விமான நிலையத்தில் கூட்டமே கிடையாது. துப்பாக்கியோடு யாரும் அவர் அருகில் வரவில்லை. நாட்டைவிட்டுப் போக அவர்களுக்குக் கிடைத்த அனுமதிப் பேப்பரில் தாயும் ஒரு பிள்ளையும் என்றுதான் எழுதியிருந்தது. அம்மா அவரை ஒரு பெஞ்சில் உட்கார வைத்தார். சட்டைப் பட்டனைப் போட்டுவிட்டார். பிறகு அவர் முகத்தைப் பார்த்தே சொன்னார்: தங்கச்சி சின்னவள், நான் இல்லாவிட்டால் செத்துப்போவாள், நீ பிழைத்துக்கொள்வாய், அதனால் அவளைக் கூட்டிக்கொண்டு போகிறேன். உன்னை விட்டுவிட்டுப் போவது நான்தான், வேறு யாரும் இல்லை. யார் மேலாவது கோபம் வந்தால் என் மேல் கோபப்படு.

"அப்பாவுக்கு அந்த வார்த்தைகளின் தமிழ் மறந்துவிட்டது. அர்த்தம் மறக்கவில்லை. ஒன்பது வயதுப் பிள்ளையிடம் பொய் சொல்லாத ஒரு அம்மா தனக்கு இருந்தார் என்பதை வைத்துக்கொண்டுதான் அவர் இத்தனை வருடம் வாழ்ந்தார். அப்படிப்பட்டவர் இப்படி ஒரு கதையைச் சொல்லமாட்டார் என்கிறார். உங்களைத் தொந்தரவு செய்ததற்கு மன்னிக்கவும். உங்கள் அண்ணன் சீக்கிரம் உங்களுக்குக் கிடைக்க வேண்டும் என்று அப்பா வேண்டிக்கொள்கிறார்."

பட்டறைக்காரர் மேலே ஏறி வந்து என்னம்மா ஆச்சு என்று கேட்டார். நான் கத்தியிருக்கிறேன். எனக்குத் தெரியவில்லை.

ஒன்பது வயது. எல்லாம் ஞாபகமிருக்கும் வயது. நினைவு என்றால் என் ஹார்ட் டிஸ்கில் இருப்பதுதான் என்று முப்பது வருடம் ஊர் ஊராகப் போய்ப் பேசியவளுக்கு, அந்தப் பிள்ளைக்கும் தலைக்குள் ஒன்று இருக்கும் என்று தோன்றவில்லை. அம்மா முதன்முதலில் உண்மையைச் சொன்னது அவனிடம். இரண்டாவதாக என்னிடம் சொல்ல வந்தாள். நான் கையைத் தூக்கிவிட்டேன். அவள் மறுபடி மறுபடி சொன்னதெல்லாம் எனக்குப் பிடித்த மாதிரி இருக்கட்டும் என்று சொன்னது. அவளைப் பொய் சொல்ல வைத்தது நான்.

உடனே முதல் டேக்கை அனுப்பினேன். ஒன்றும் துடைக்கவில்லை, வெட்டவில்லை. என் 'கட்' சத்தம், கேமராமேன் கெஞ்சியது, எல்லாவற்றோடும் அனுப்பினேன். அம்மாவால் இப்போது பேச முடியாது என்று எழுதினேன். நடந்ததையெல்லாம் எழுதினேன். பதில் ஒருமணி நேரத்தில் வந்தது. "பெஞ்சும் பட்டனும் எங்கள் கடிதத்துக்குப் பிறகு உங்கள் வீடியோவில் வருகின்றன. பேச முடியாத ஒருவர் எப்படிப் பேசினார்? நீங்கள் படம் எடுப்பவர். எங்களை விட்டுவிடுங்கள்."

அண்ணன் பெயர், அப்பா பெயர் எல்லாம் எழுதி, ரத்தம் எடுத்து டி.என்.ஏ. பரிசோதனை செய்யலாம், செலவு முழுக்க என்னுடையது என்று எழுதினேன். கேமராமேன் தன் பங்குக்கு ஒரு கடிதம் எழுதினான். வீடியோ எடுத்த தேதி ஃபைலிலேயே இருக்கிறது பாருங்கள் என்றான். எதுவும் போய்ச் சேரவில்லை, எங்களைத் தடை செய்துவிட்டாள். அவள் மேல் தப்பில்லை, அவளிடத்தில் நானாக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன். விலாசம் கிடையாது. அவர் பெயரையும் அவள் சொல்லவில்லை, ஏமாந்தவர்கள் அப்படித்தான் இருப்பார்கள். விமானம் ஏறிப் போய்த் தெருத்தெருவாக ரொட்டிக் கடைகளில் விசாரிக்கலாம் என்று ஒருநாள் பெட்டியைக்கூட எடுத்து வைத்தேன். அம்மாவை யாரிடம் விட்டுவிட்டுப் போவது? அந்தக் கேள்வி வந்ததும் பெட்டியை மறுபடி பரண்மேல் போட்டுவிட்டேன்.

அம்மாவிடம் இன்னும் சொல்லவில்லை. எப்படிச் சொல்வேன்? உன் பிள்ளை உன்னை நம்புகிறான், அதனால்தான் நீ அவன் அம்மா இல்லை என்று சொல்லிவிட்டான் என்றா?

அவள் காத்திருக்கிறாள். தினமும் நான்கு மணி ஆனால் இடது கையைத் தூக்கித் தலைமுடியைத் தொட்டுக் காட்டுவாள். பிள்ளை போனில் பார்ப்பானாம், தலை கலைந்திருக்கக் கூடாதாம். பார்த்துக்கொள்ளும் பெண்ணை வாரவிடமாட்டாள், நான்தான் வார வேண்டும். வாரிப் பின்னி, முகம் துடைத்து, பொட்டு வைத்து, தலையணையை உயர்த்திப் போனை அவள் எதிரே சொம்பில் சாய்த்து வைப்பேன். ஆறு மணிவரை கண்ணை எடுக்கமாட்டாள். "இன்னிக்கு வேலையாம்மா, நாளைக்குப் பேசுறேன்னான்" என்று நான் சொல்வேன். பார்த்துக்கொள்ளும் பெண் ஏதோ சாக்குச் சொல்லி அடுப்படிக்குள் போய்விடுவாள். அம்மா என் முகத்தையே ஒரு நிமிடம் பார்ப்பாள். பிறகு சரி என்பது போலத் தலையை ஆட்டிவிட்டுத் தூங்குவாள்.